கிளேஸ் கேரட்டும் பேக்கனும்: சொதப்பினால் எங்கே பார்ப்பது

டிசம்பர் பாதி தாண்டினால் என் போனுக்கு ஒரே மாதிரி படங்கள் வர ஆரம்பிக்கும். கரிந்த தட்டு, தண்ணீரில் மிதக்கும் கேரட், வெளிறிப்போன பேக்கன். கூடவே ஒரு குரல் பதிவு: "அத்தை, என் ஓவன் போச்சு." நான் பெங்களூர் லிங்கராஜபுரத்தில் இருக்கிறேன், கிறிஸ்துமஸ் மதியச் சாப்பாட்டில் பிரியாணிக்குப் பக்கத்தில், ஓவனில் வறுத்து இனிப்புப் பாகு பூசிய கேரட்டும் பேக்கனும் (உப்பிட்ட பன்றி இறைச்சித் துண்டு) கலந்த இந்தத் தட்டு வைப்பது எங்கள் வீட்டில் பல வருடப் பழக்கம், அதனால் சொந்தத்தில் யார் சொதப்பினாலும் புகார் இங்கேதான் வரும். இத்தனை வருடத்தில் நிஜமாகவே ஓவன் போயிருந்தது இரண்டே தடவை. மற்றதெல்லாம் தண்ணீர், இல்லாவிட்டால் இனிப்பை ஊற்றிய நேரம். அதனால் கீழே ஒவ்வொரு கோளாறுக்கும் காசு செலவில்லாத காரணத்திலிருந்து ஆரம்பிக்கிறேன், மெக்கானிக் கடைசியில்தான் வருவார்.

என் அளவு இது, இதை வைத்துத்தான் மற்றதெல்லாம் சொல்கிறேன்: அரை கிலோ ஊட்டி கேரட், 100 கிராம் பேக்கன், ஒரு மேசைக்கரண்டி எண்ணெய், இரண்டு மேசைக்கரண்டி தேன் அல்லது வெல்லப்பாகு, ஒரு மேசைக்கரண்டி வினிகர், மிளகுத்தூள். ஓடிஜி (மேசை மேல் வைக்கும் சின்ன கரண்ட் ஓவன்) 200 டிகிரி, சூடாகும் மேல் கம்பி கீழ்க் கம்பி இரண்டும் ஓடவேண்டும், தட்டு நடு ரேக்கில். மொத்தம் 30 நிமிடம். இனிப்பு போவது கடைசி 8 நிமிடத்தில் மட்டும்.

காய் வெந்துவிட்டது, ஆனால் சிவக்கவில்லை, தட்டில் தண்ணீர் நிற்கிறது

அதிகமாக வரும் புகார் இதுதான்.

முதலில் ஈரம். கழுவிய கேரட்டை வடிதட்டில் போட்டு "வடிஞ்சிடுச்சு" என்று விட்டால் போதாது. பழைய வேட்டித் துணியில் பரப்பி, மேலே இன்னொரு துணியைப் போட்டு உருட்டித் துடைக்கவேண்டும். ஒரு துண்டை எடுத்து உள்ளங்கையில் வைத்து மூடித் திறந்து பாருங்கள், கை ஈரமானால் காய் இன்னும் தயாராகவில்லை.

துடைத்தும் சரியாகவில்லையா, நெரிசலைப் பாருங்கள். தட்டைப் பார்த்தால் சில்க் போர்டு சிக்னலில் வண்டிகள் மாதிரி ஒன்றோடொன்று முட்டிக்கொண்டு நிற்கிறதா? அப்போது அது வறுபடாது, ஆவியில் வேகும். வீட்டு ஓடிஜி தட்டு ஒன்றுக்கு அரை கிலோதான் கணக்கு. ஒரு கிலோ வேண்டுமென்றால் இரண்டு ஈடு போடுங்கள், இட்லிக்கு ஈடு போட அலுக்காதவர்கள் இதற்கு மட்டும் ஏன் அலுத்துக்கொள்கிறார்கள் என்று எனக்குப் புரிவதேயில்லை.

இடம் விட்டும் தண்ணீர் விடுகிறதா, காயே தப்பான காய். கேரட், சர்க்கரைவள்ளி, சின்ன உருளைக்கிழங்கு, பரங்கிக்காயில் கெட்டியான ரகம், ஊட்டியிலிருந்து வரும்போது கிடைக்கிற களைக்கோஸ் (பிரஸ்ஸல்ஸ் ஸ்ப்ரௌட்ஸ்), இவையெல்லாம் சரிவரும். நம் ஊர்ப்பக்கம் பெங்களூர் கத்திரிக்காய் என்று சொல்கிற சௌசௌ இருக்கிறதே, பெயரில் பெங்களூர் இருக்கிறதே என்று ஒருவர் அதைப் போட்டுப் பார்த்தார். கூட்டுதான் வந்தது. பிளாஸ்டிக் பையில் வரும் உறைந்த கலவைக் காயும் அப்படித்தான், அதைக் குருமாவுக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

உப்பை எப்போது போட்டீர்கள்? முன்னாடியே உப்புப் போட்டுப் பிசிறி அரை மணி நேரம் ஊற வைத்திருந்தால் அந்தத் தண்ணீர் காயிலிருந்து வந்தது. ஓவனுக்குள் போகும் நிமிடத்தில் போட்டால் போதும், அதுவும் பேக்கன் சேரப்போகிறது என்பதால் வழக்கத்தில் பாதி.

சூடேற்றும் நேரத்தையும் பாருங்கள். ஓவன் சூடாவதைக் காட்டும் விளக்கு அணைந்தவுடன் தட்டை உள்ளே தள்ளுகிறவர்கள் உண்டு. அந்த விளக்கு ஒரு தடவை அணைந்தது என்றால் உள்ளே காற்று சூடாகிவிட்டது, அவ்வளவுதான், சுவரும் ரேக்கும் இன்னும் ஏறியிருக்காது. 15 நிமிடம் விடுங்கள். காலித் தட்டையும் சேர்த்தே சூடாக்கி, எண்ணெயில் பிரட்டிய காயை அதன் மேல் கொட்டும்போது 'ஸ்ஸ்' என்று சத்தம் வரவேண்டும். சத்தம் வராவிட்டால் எடுத்துவிட்டு இன்னும் 5 நிமிடம்.

இவ்வளவும் சரி, இன்னும் சிவக்கவில்லை என்றால்தான் ஓவன் பக்கம் சந்தேகம். கீழே "ஒரு பக்கம் மட்டும்" என்ற தலைப்புக்குப் போங்கள்.

இனிப்பு கருத்துவிட்டது, கேரட் உள்ளே நறுக்கென்று இருக்கிறது

இனிப்பை எப்போது ஊற்றினீர்கள் என்பதுதான் முதல் கேள்வி. ஆரம்பத்திலேயே என்றால் மேற்கொண்டு எதையும் சோதிக்க வேண்டாம், காரணம் அதுதான். காய் முக்கால் பதம் வெந்து, கத்தி நுனி கொஞ்சம் தடங்கலோடு இறங்குகிற நேரத்தில் ஊற்றுங்கள். ஊற்றியபின் ஓவனை விட்டு நகராதீர்கள். கண்ணாடி வழியே பார்த்தால் முதலில் பெரிய பெரிய குமிழாகப் பொங்கும், அப்புறம் குமிழ் சின்னதாகி, சோம்பேறித்தனமாக ஒவ்வொன்றாக வெடிக்கும், அப்போது மிட்டாய் வாசனை வரும். எடுக்கவேண்டிய நேரம் அதுதான். அதைத் தாண்டினால் பாயசம் அடிப்பிடித்த வாசனை, அந்த இடைவெளி ஒன்றிரண்டு நிமிடம்தான்.

கடைசியில்தான் ஊற்றினேன், ஆனாலும் கருத்தது என்கிறீர்களா? தேனா வெல்லமா என்று பாருங்கள். தேன் சீக்கிரம் நிறம் மாறும். தேன் என்றால் 5 நிமிடத்திலேயே எட்டிப் பார்க்கவேண்டும். தட்டு மேல் ரேக்கில் இருந்ததா என்றும் பாருங்கள், சின்ன ஓடிஜியில் மேல் கம்பிக்கும் தட்டுக்கும் நாலு விரல் இடம்கூட இருக்காது.

உள்ளே வேகாததற்குக் காரணம் வேறு: துண்டின் அளவு. கேரட்டின் தலைப்பக்கம் கட்டைவிரலைவிடத் தடிமனாக இருக்கும், வால்பக்கம் சுண்டுவிரல். முழுதாகப் போட்டால் வால் கரியும், தலை வேகாது. தலைப்பக்கத்தை நாலாகப் பிளந்து, வாலை அப்படியே விட்டு, எல்லாம் ஒரே தடிமனுக்கு வரும்படி நறுக்குங்கள். சங்கராந்தி நேரத்தில் இங்கே அவரைக்காயோடு குவிந்து கிடக்கும் சர்க்கரைவள்ளிக்கும் இதே கதை. குண்டு கிழங்கென்றால் உப்புத் தண்ணீரில் 5 நிமிடம் கொதிக்கவிட்டு, வடித்து, ஆவி முழுக்க அடங்கும் வரை ஆற வைத்துவிட்டு ஓவனுக்கு அனுப்புங்கள்.

கருத்த தட்டைக் காப்பாற்ற முடியுமா என்று கேட்பார்கள். ஓரம் மட்டும் கருத்ததென்றால் தட்டின் அடியைச் சுரண்டாமல் காயை மட்டும் பொறுக்கி எடுத்துவிடலாம். மொத்தமும் கறுப்பென்றால் கசப்பு எல்லாவற்றிலும் ஏறியிருக்கும், மேலே தேன் ஊற்றி மறைக்கப் பார்க்காதீர்கள், நான் பார்த்திருக்கிறேன், இனிப்பான கசப்பு வெறும் கசப்பைவிட மோசம்.

இனிப்பு காயில் ஒட்டவில்லை, தட்டின் அடியில் குளமாக நிற்கிறது

எளிய காரணம்: கொழுப்பு அதிகம். பேக்கன் விட்ட எண்ணெயில் காய் குளித்துக்கொண்டிருக்கும்போது மேலே பாகை ஊற்றினால் வழுக்கி இறங்காமல் என்ன செய்யும். பாகு ஊற்றும் முன் தட்டைச் சாய்த்து, ஓரத்தில் தேங்கும் கொழுப்பைக் கரண்டியால் எடுத்துவிடுங்கள், ஒரு கரண்டி அளவு தங்கினால் போதும். எடுத்ததைச் சிங்கில் ஊற்றாதீர்கள், உறைந்து அடைத்துக்கொள்ளும், ஒரு கிண்ணத்தில் வைத்தால் மறுநாள் முட்டை பொரிக்கலாம்.

அடுத்தது பாகின் பதம், இங்கே நம் ஆட்களுக்குச் சொல்லித்தரவே தேவையில்லை, ஆனால் ஓவன் என்றவுடன் எல்லாவற்றையும் மறந்துவிடுகிறார்கள். வெல்லத்தைக் கொஞ்சம் தண்ணீரில் கரைத்து வடிகட்டி (கல்லும் தூசியும் போகவேண்டும், பல்லில் கடிபட்டால் பேக்கனைத்தான் திட்டுவார்கள்), வினிகர் சேர்த்து அடுப்பில் சுண்டவிடுங்கள். விரல் நடுவே தொட்டால் பிசுக்கென்று ஒட்டவேண்டும், ஆனால் கம்பி இழுக்கக்கூடாது. பிசுக்குப் பதத்துக்கு முன் எடுத்தால் குளம். கம்பிப் பதம் தாண்டி, தண்ணீரில் விட்டால் உருட்ட வருகிற பதத்துக்குப் போனால் ஆறியவுடன் கடலை மிட்டாய் மாதிரி இறுகிக் கேரட்டும் தட்டும் ஒரே துண்டாக வரும். அப்படி ஆகிவிட்டால் ஒரு கரண்டி வெந்நீர் விட்டு மறுபடி சூடாக்குங்கள், இளகிவிடும். தேனுக்கு இந்தச் சுண்டல் வேலை தேவையில்லை, வினிகரோடு கலந்து அப்படியே ஊற்றலாம்.

பதமும் சரி, கொழுப்பும் வடித்தாயிற்று, அப்படியும் ஒட்டவில்லை என்றால் காயின் மேல் ஈரம். முதல் தலைப்புக்குத் திரும்புங்கள்.

பேக்கன் வெளிறி ரப்பர் மாதிரி இருக்கிறது, அல்லது உப்பு தாங்கவில்லை, அல்லது கரி

இங்கே கிடைப்பது பெரும்பாலும் உறைந்த பாக்கெட். கொழுப்பு வரிவரியாக ஓடும் துண்டுகள்தான் இதற்கு வேண்டும். முதுகுப்பக்கத்து மெலிந்த துண்டு வாங்கினால் அது வறுபடாமல் காய்ந்துதான் போகும். பாக்கெட்டை முதல் நாள் இரவே ஃப்ரீசரிலிருந்து ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டுக்கு இறக்குங்கள். கட்டியாகவே வாணலியில் போட்டால் வெளியே வெந்து உள்ளே உறைந்து, தண்ணீர் விட்டு, அந்தத் தண்ணீரிலேயே வேகும். ரப்பராவது அப்படித்தான்.

இறக்கியும் தண்ணீர் விடுகிறது என்றால் உப்பு நீர் ஏற்றிய வகையாக இருக்கலாம், பாக்கெட்டின் பின்பக்கம் சேர்மானப் பட்டியலில் தண்ணீர் எத்தனையாவது இடத்தில் இருக்கிறது என்று பாருங்கள். தூக்கிப்போட வேண்டாம். துடைத்து, ஒரு அங்குலத் துண்டாக நறுக்கி, சூடாக்காத வாணலியில் பரப்பி, சின்னத் தீயில் ஆரம்பியுங்கள். முதலில் தண்ணீர் வற்றும் சத்தம், அப்புறம் கொழுப்பு உருகும் சத்தம், இரண்டும் வேறு மாதிரி கேட்கும். ஓரம் சுருண்டு பாதி வறுபட்டதும் எடுத்து வைத்துவிட்டு, இனிப்பு ஊற்றும்போது காயோடு சேருங்கள். ஆரம்பத்திலிருந்தே காயோடு போட்டவர்களுக்குத்தான் கரி கிடைக்கிறது, 30 நிமிடம் அது தாங்காது.

உப்பு அதிகமென்றால் நறுக்கிய துண்டுகளைக் கொதிக்கும் நீரில் ஒரு நிமிடம் போட்டு எடுத்துத் துடைத்துவிட்டு வறுங்கள். சமைத்த பிறகுதான் தெரிந்ததென்றால் உப்பில்லாமல் வறுத்த இன்னொரு அரை கிலோ காயைக் கலப்பதுதான் வழி.

இங்கே காசு செலவாகும் கிளை ஒன்றுதான்: கரண்ட் நீண்ட நேரம் போய், பாக்கெட் இளகி, தொட்டால் சில்லென்றே இல்லை, அல்லது பிரித்தால் வழவழவென்று புளித்த வாசனை வருகிறது. யோசிக்காமல் தூக்கிப்போட்டுவிட்டு வேறு வாங்குங்கள். புகையூட்டியது, உப்பிட்டது என்று நம்பி இருக்காதீர்கள், பெரும்பாலான பாக்கெட் பச்சை இறைச்சிதான், பதம் பார்க்கிறேன் என்று வேகாமல் வாயில் போடவும் கூடாது.

விருந்துக்குச் சைவம் வருகிறவர்களோ பன்றி சாப்பிடாதவர்களோ இருந்தால் தட்டே தனி, கரண்டியும் தனி. "மேலே தூவினதுதானே, தள்ளிட்டுச் சாப்பிடுங்க" என்பது மரியாதையில்லை. கோழி பேக்கன் என்று விற்பதை மாற்றாகப் போட்டால் அதில் கொழுப்பு குறைவு, காய்க்கு இன்னும் ஒரு கரண்டி எண்ணெய் விடுங்கள்.

ஓவனிலிருந்து புகை, அல்லது தீ

லேசான புகை என்றால் அநேகமாகக் கொழுப்பு கீழ்க் கம்பியில் சொட்டுகிறது. பேக்கனைக் கம்பி ரேக்கின் மேல் நேராக வைத்தீர்களா? விளிம்பு உயர்ந்த தட்டுக்கு மாற்றுங்கள். தட்டுத்தான் என்றால் போன தடவை சிந்தியது எரிகிறது: அணைத்து, பிளக்கை எடுத்து, முழுக்க ஆறவிட்டு, அடியில் இருக்கும் துகள் தட்டை வெளியே இழுத்துக் கழுவுங்கள். சுத்தம் செய்ய சோம்பல்பட்டு அந்தத் துகள் தட்டிலோ கம்பியின் மேலோ அலுமினியத் தாளைப் போர்த்தாதீர்கள், சூடு தேங்கி ஓவனுக்குத்தான் கேடு. தட்டில் விரிக்கும் பேக்கிங் தாளையும் தட்டின் அளவுக்கே வெட்டுங்கள், நீட்டிக்கொண்டிருக்கும் முனை மேல் கம்பியைத் தொட்டால் பற்றிக்கொள்ளும்.

தீ தெரிந்தால் கதவைத் திறக்காதீர்கள். சுவரில் இருக்கும் சுவிட்சை அணையுங்கள், கதவு மூடியே இருக்கட்டும், காற்றில்லாமல் அடங்கும். எரியும் கொழுப்பில் தண்ணீர் ஊற்றவே கூடாது. அடங்கவில்லை, வெளியே வருகிறது என்றால் ஆட்களோடு வெளியேறி 112ஐ அழையுங்கள், கேரட்டை மறந்துவிடலாம். அடங்கிய பிறகும் எலெக்ட்ரிஷியன் ஒயரைப் பார்த்துச் சொல்லும்வரை அந்த ஓவனைப் போடவேண்டாம்.

ஒரு பக்கம் மட்டும் கருகுகிறது, சூடு ஏறவில்லை, கரண்ட் ட்ரிப் ஆகிறது

என் நாத்தனார் மகள் ஒயிட்ஃபீல்டில் இருக்கிறாள், புது ஓவன் வாங்கப்போகிறேன் என்று படமெல்லாம் அனுப்பியிருந்தாள். போய்ப் பார்த்தால் ஓடிஜி வாஷிங் மெஷின் மேல் உட்கார்ந்திருக்கிறது, ஒயர் ஒரு மெல்லிய எக்ஸ்டென்ஷன் பெட்டிக்குப் போகிறது, அந்தப் பெட்டியைத் தொட்டேன், தோசைக்கல் மூடி மாதிரி சுடுகிறது. "இது எத்தனை நாளாடி இப்படி?" என்றேன். "அது எப்பவும் சூடாத்தான் இருக்கும் அத்தை" என்றாள். ஓவனைச் சமையலறை மேடைக்குத் தூக்கி, பெரிய 16 ஆம்பியர் பிளக்கில் நேராகச் சொருகினோம். அன்றைக்கே கேரட் சிவந்தது. புது ஓவன் காசு மிச்சம், வீடும் மிச்சம்.

அதனால் வரிசை இப்படி. டைமர் குமிழ் பூஜ்யத்தில் இருந்தால் நிறைய ஓடிஜிகளில் கம்பி சூடே ஆகாது, முதலில் அதைத் திருப்புங்கள். அப்புறம் எந்தக் கம்பி என்று தேர்வு செய்யும் குமிழ், துடைக்கும்போது கீழ்க் கம்பி மட்டும் என்ற இடத்துக்கு நகர்ந்திருக்கும். அப்புறம் பிளக், மேலே சொன்னபடி.

மூன்றும் சரியா? சமையலறை விளக்கை அணைத்துவிட்டுக் குளிர்ந்த ஓவனை 230 டிகிரியில் போடுங்கள். சில நிமிடத்தில் மேலும் கீழும் கம்பிகள் சிவந்து தெரியவேண்டும். பின்னால் அவை அணைந்து அணைந்து எரிவது இயல்பு, முதல் சில நிமிடம்தான் கணக்கு. ஒன்று மட்டும் கறுப்பாகவே இருந்தால் அந்தக் கம்பியோ அதன் இணைப்போ போய்விட்டது.

எல்லாம் சிவக்கிறது, ஆனால் ஒரு மூலை மட்டும் கருகுகிறது என்றால் ரேக் முழுக்க ரொட்டித் துண்டுகளை அடுக்கி 180 டிகிரியில் வைத்து, நிறம் மாற ஆரம்பித்ததும் வெளியே எடுத்துப் பாருங்கள். எந்த மூலை கறுப்போ அதுதான் சூடான மூலை. அது கோளாறில்லை, அந்த ஓவனின் குணம், பாதி நேரத்தில் தட்டைத் திருப்பி வையுங்கள்.

எல்லாமே கருகுகிறது அல்லது எதுவுமே சிவக்கவில்லை என்றால் வெப்பநிலைக் குமிழ் பொய் சொல்கிறதா என்று பார்க்கலாம். சர்க்கரை உருகுவது சுமார் 186 டிகிரியில். ஒரு கரண்டி சர்க்கரையைச் சின்ன அலுமினியத் தாள் கிண்ணத்தில் வைத்து 175ல் 15 நிமிடம்: உருகக்கூடாது. புதுச் சர்க்கரை, 190ல் 15 நிமிடம்: உருகவேண்டும். 175லேயே உருகினால் ஓவன் கூடுதலாகச் சுடுகிறது, 20 டிகிரி குறைத்து வைத்துப் பழகுங்கள். 190லும் மணி மணியாக நின்றால் கூட்டி வையுங்கள். குமிழை எங்கே திருப்பினாலும் பலன் ஒன்றே என்றால் தெர்மோஸ்டாட், அதாவது சூட்டைக் கட்டுப்படுத்தும் பாகம், போய்விட்டது.

கம்பி, தெர்மோஸ்டாட் இரண்டுக்கும் மெக்கானிக்கைக் கூப்பிடுங்கள், திருப்புளி எடுத்து நீங்களே பின்மூடியைக் கழற்றவேண்டாம். மாற்றுவதற்கு எவ்வளவு என்று போனிலேயே கேட்டுவிட்டு, அது புது ஓவன் விலையில் பாதியைத் தொட்டால் பழையதை விட்டுவிடலாம்.

உடனே நிறுத்தவேண்டியவை: ஓவன் போட்டவுடன் எம்சிபி (கரண்ட் அதிகமானால் தானே விழும் மெயின் பெட்டி சுவிட்ச்) விழுந்தால் மற்ற எல்லாவற்றையும் அணைத்துவிட்டு, அதாவது கீசர், இண்டக்ஷன், மைக்ரோவேவ், ஒரே ஒரு தடவை திரும்பப் போடலாம். இரண்டாவது தடவையும் விழுந்தால் எலெக்ட்ரிஷியன். ஓவனின் உடம்பைத் தொட்டால் சுருக்கென்கிறது, பிளக் கருகியிருக்கிறது, ஒயர் பிசுபிசுக்கிறது, கண்ணாடியில் கீறல், இவற்றில் எது இருந்தாலும் ஒரு தடவைகூடப் போட்டுப் பார்க்காதீர்கள்.

ஓவனில் நன்றாக இருந்தது, மேசைக்கு வந்ததும் வெள்ளைப் படலம், பேக்கன் தொய்ந்துவிட்டது

வெள்ளைப் படலம் உறைந்த கொழுப்பு. பரிமாறும் பாத்திரத்தை வெந்நீர் ஊற்றிச் சூடாக்கித் துடைத்துவிட்டு அதில் மாற்றுங்கள், பீங்கான் தட்டு டிசம்பர் குளிரில் ஐஸ் மாதிரி இருக்கும். மூடி போடாதீர்கள், ஆவி இறங்கிப் பேக்கன் மெத்தென்று ஆகிவிடும். மறுபடி சூடாக்க 180ல் 5 நிமிடம், மைக்ரோவேவ் வேண்டாம்.

வேறு வீட்டுக்கு எடுத்துப்போவதென்றால் சேர்த்துக் கட்டவே கூடாது. ஒயிட்ஃபீல்டிலிருந்து எங்கள் வீட்டுக்கு வரும் வழியில் இது எத்தனையோ தடவை பாழாகியிருக்கிறது. இப்போது நாத்தனார் மகள் காயை முக்கால் பதத்தில் ஒரு டப்பாவிலும், பாதி வறுத்து ஆறவைத்த பேக்கனைத் தாள் விரித்த இன்னொரு டப்பாவில் ஐஸ் பையோடும், பாகை ஒரு ஊறுகாய் பாட்டிலிலும் கொண்டுவருகிறாள், கடைசி 8 நிமிடம் என் ஓவனில். குளிரில் பாகு பாட்டிலிலேயே இறுகியிருந்தால் மூடியைத் தளர்த்தி வெந்நீர்ப் பாத்திரத்தில் கொஞ்ச நேரம் நிற்க வையுங்கள், கரண்டியால் குத்தாதீர்கள், பாட்டில் உடையும்.